எஞ்சியவர்க்கே உரியதா? கூட்டு வங்கிக் கணக்கும் வாரிசுரிமையும்

தந்தையின் பெயரோடு ஒரு மகனின் பெயரும் சேர்ந்து நிற்கும் வங்கிப் பணம், தந்தை காலமானபின் அம்மகனுக்கே உரியதா, உடன்பிறந்தார் அனைவர்க்கும் பொதுவா என்னும் விவகாரம், மேலூர், திருமங்கலம் பக்கத்துக் குடும்பங்களில் பாகப்பிரிவினையின்போது இன்று அடிக்கடி தலையெடுப்பது. இதன் வரலாற்றை எழுதுவோர் 1928ஆம் ஆண்டுப் பிரிவி கௌன்சில் தீர்ப்போடு நிறுத்திக்கொள்கின்றனர். அத்தீர்ப்பின் முடிவு எனக்கும் சம்மதமே. அது காட்டிய காரணத்தையே மறுக்கிறேன்.

அக்காரணத்தை அறிய அதற்கு முந்தைய தீர்ப்பொன்றையும் காண வேண்டும். 1854இல் கோபீகிருஷ்ண கோசாயி வழக்கில், தந்தை தம் பணத்தால் மகன் பெயரில் வாங்கிய நிலச் சொத்தை, ஆங்கிலேயச் சட்டம் அனுமானிப்பதுபோல் மகனுக்கு அளித்த தானமாகக் கருதலாகாது என்றும், பினாமி வழக்கம் மிகுந்த இந்நாட்டில் பணம் எவருடையது என்பதே பிரமாணம் என்றும் அதே கௌன்சிலின் நீதிபதி நைட் புரூஸ் தீர்த்தார். குரான் தித்தா வழக்கில், கணவன் தன் பணத்தைத் தன் பெயரிலும் மனைவி பெயரிலும், ‘இருவரில் ஒருவர்க்கோ எஞ்சியவர்க்கோ’ தரத்தக்கதாக வங்கியில் இட்டிருந்தான். 1928இல் கௌன்சில் அதையும் தானமன்று என்றது. இந்தியக் குடும்ப வாழ்க்கை வேறு தன்மையது என்பதைக் காரணமாகக் காட்டியது.

இக்காரணம் போதாது. நிலக் கிரயப் பத்திரம் வாங்கியவரின் மரணத்தைப் பற்றி ஒன்றும் சொல்வதில்லை. வங்கிக் கணக்கில் ‘எஞ்சியவர்க்கோ’ என்னும் இவ்வொரு வரியோ மரணத்தை முன்வைத்தே எழுதப்பட்டது. ஆகவே நிலத்துக்குக் கண்ட நியாயத்தை அப்படியே வங்கிப் பணத்துக்கு ஏற்றுவது பொருந்தாது. 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 45ஆம் பிரிவைப் பார்க்க வேண்டும். கூட்டாக வாக்குறுதி பெற்றோருள் ஒருவர் இறந்தால், ஒப்பந்தத்தில் மாறான கருத்து தென்படாதவரை, கேட்கும் உரிமை எஞ்சியவரையும் இறந்தவரின் பிரதிநிதியையும் சேர்ந்தே சாரும் என்கிறது அது. எஞ்சியவர்க்குத் தருக என்னும் வரி அந்த மாறான கருத்தேயன்றி வேறில்லை; அதனால் தீர்வது, வங்கியிடம் கைநீட்டத் தக்கவர் யார் என்பது மட்டுமே. பெற்ற பணம் யாருடையது என்னும் கேள்வி வங்கிக்கு வெளியே, குடும்பத்துக்குள், அப்படியே நிற்கிறது.

ஆங்கில நாட்டிலும் 1875இல், மார்ஷல் - கிரட்வெல் வழக்கில், நோயுற்ற கணவன் தன் கணக்கில் மனைவியைச் சேர்த்தது காரிய வசதிக்கே, தானத்துக்கன்று என்று ஜார்ஜ் ஜெஸ்ஸல் தீர்ப்பளித்தார். அங்கேயே இப்படியாயின், இந்தியக் குடும்பம் விசித்திரமானது என்று சொல்லித்தான் இம்முடிவை அடைய வேண்டுமா? நோக்கத்தை விட்டுக் குலவழக்கத்தைப் பற்றினால், மெய்யாகவே மகளுக்குக் கொடுக்க விரும்பிய தாயின் சங்கல்பமும் சந்தேகத்துக்கு ஆளாகும்.

மதுரைச் சீமையில் இவ்வகைக் கணக்கு எப்போது பெருகியதென அறுதியிட இயலாது. 1943இல் கருமுத்து தியாகராஜச் செட்டியார் நிறுவிய மதுரை வங்கி போன்ற உள்ளூர் ஸ்தாபனங்களுக்குப் பின் என்பது என் அனுமானம். எப்போது பெருகியதாயினும், பெயர் சேர்த்த நோக்கத்துக்குச் சாட்சி பாஸ்புத்தகமே. வரவெல்லாம் தாயின் ஓய்வூதியமாகவும், பற்றெல்லாம் மாதந்தோறும் ஒரே அளவான சிறு தொகைகளாகவும், வங்கிப் படியேற இயலாத அவளுக்காக மகனே கையொப்பமிட்டு எடுத்தவையாகவும் இருக்குமாயின், அவன் பெயர் சேர்ந்தது துணைக்கே என்று கொள்வதில் பிழையில்லை. இது ஒரு மாதிரியே. எல்லாக் கணக்குக்கும் பொருந்தாது.

பெறுபவர் வேறு, உடைமையாளர் வேறு என்னும் இப்பிரிவினை நாமினி விஷயத்திலும் உண்டு. 1983ஆம் ஆண்டுத் திருத்தம் வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தில் 45இசட்ஏ பிரிவைச் சேர்த்தது. கணக்குடையவர் தமக்குப்பின் பணம் பெறக் குறித்துவைக்கும் நாமினிக்கு மற்றெவரையும் விலக்கிய உரிமை உண்டென்று பேசும் அதே பிரிவு, பணம் பெற்றவர்மீது பிறர்க்குள்ள உரிமையைப் பாதுகாக்கவும் செய்கிறது. 2010இல், ராம் சந்தர் தல்வார் வழக்கில், நாமினி பெற்றுக்கொள்பவரேயன்றி உடைமையாளர் அல்லர் என்றது உச்ச நீதிமன்றம். உயில் இல்லாவிடில், இந்துக்களிடையே 1956ஆம் ஆண்டு வாரிசுரிமைச் சட்டப்படி, பெற்றோர் பணத்தில் மகனுக்கும் மகளுக்கும் சமபங்கு. ஆதலால் கணக்கில் ஒரு பிள்ளையின் பெயரைச் சேர்ப்போர், அது தானமா துணைக்கா என்பதை உயிலில் தெளிவாக எழுதிவைப்பாராக.