கடனும் குற்றமும்

கடன்பட்ட ஒருவன் தவணை தப்பிவிடுகிறான். அவன் வாக்குத் தவறியவனா, அல்லது வஞ்சகனா? முன்னவனை விசாரிப்பது குடியியல் நீதிமன்றம். பின்னவனுக்கோ சிறைவாசமும் நேரலாம். இவ்விரண்டுக்கும் இடையே எல்லை வகுக்க இந்திய நீதிமன்றங்கள் நெடுங்காலம் முயன்று வந்துள்ளன.

குடியியல் வழக்கு ஆண்டுக்கணக்கில் நீளும். பொலிஸ் முறைப்பாடோ உடனே அச்சமூட்டும். ஆதலால், பணத்தை அறவிடக் குற்றச்சாட்டையே கருவியாக்கினோர் பலர். 1898ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 1923இல் சேர்க்கப்பெற்ற 561-ஏ பிரிவு, இத்தகைய முறைகேட்டைத் தடுக்கும் உயர் நீதிமன்றங்களின் இயல்பான அதிகாரத்தை உறுதிசெய்தது. 1973ஆம் ஆண்டுச் சட்டத்தில் அது 482ஆம் பிரிவாயிற்று. 2024 யூலை முதல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்தில் 528ஆம் பிரிவாக உள்ளது.

1990இல் பஜன்லால் வழக்கிலே, குற்ற நடவடிக்கையைத் தொடக்கத்திலேயே நீக்கத்தக்க ஏழு நிலைகளை உச்ச நீதிமன்றம் எடுத்துரைத்தது. வாக்களித்த வேளையிலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்ததா என்பதே உரைகல் என 2000இல் அது விளக்கிற்று.

ஆயினும், குடியியல் பரிகாரம் உண்டு என்பதனால் மட்டும் குற்ற வழக்கு வீழ்ந்துவிடாது என்று 2006இல் அம்மன்றமே வரம்பிட்டது. மெய்யாகவே ஏமாற்றப்பட்டவனும் அதே வாயிலில்தான் நிற்கிறான். ஒருவனைக் காக்கும் கதவு மற்றவனுக்கு அடைபடலாகாது.