எலும்பிடம் என்ன கேட்பது?

வரலாறு என்றால் நமக்குக் கல்வெட்டு, செப்பேடு, ஓலைச்சுவடிதான். நான் தமிழ் எம்.ஏ. படித்தபோதும் அப்படித்தான் சொல்லிக் கொடுத்தார்கள். கல்வெட்டில் யார் இருக்கிறார்? நிலம் கொடுத்த ராஜா, வாங்கிக்கொண்ட பார்ப்பனர், கோயில். சேற்றில் இறங்கி உழுதவர்களுக்கு அங்கே குரல் கிடையாது. எழுத்து மறுக்கப்பட்டவர்கள் தங்களைப் பற்றி எதைத்தான் விட்டுச் சென்றார்கள்? உடம்பை விட்டுச் சென்றார்கள். மண் அரித்தது போக எலும்பும் பல்லும் மிச்சம் இருக்கின்றன.

ஆனால் எலும்பு தானாகப் பேசாது. கேட்கிற கேள்விக்குத்தான் பதில் சொல்லும். இங்கே முதலில் கேட்டவர்கள் யார், என்ன கேட்டார்கள்?

புறநானூற்றில் ஒரு பெண், குயவரைப் பார்த்துத் தாழியை அகலமாக வனையச் சொல்லும் பாட்டைப் படித்திருக்கிறோம். அப்படிப்பட்ட தாழிகள் கூட்டம் கூட்டமாகக் கிடந்த இடம் தாமிரபரணிக் கரையிலுள்ள ஆதிச்சநல்லூர். 1876இல் ஜெர்மனியிலிருந்து வந்த ஜாகோர் அங்கே தோண்டினார். 1899 தொடங்கிச் சில ஆண்டுகள் அலெக்சாண்டர் ரீ தோண்டினார். எலும்போடு இரும்பும் வெண்கலமும் பொன்பட்டங்களும் வந்தன.

அதே காலத்தில் வெள்ளை அதிகாரிகள் உயிரோடு இருந்தவர்களையும் அளந்துகொண்டிருந்தார்கள். மூக்கு எவ்வளவு அகலமோ அவ்வளவுக்குச் சாதி தாழ்வு என்று சூத்திரம் போட்டவர் ரிஸ்லி. 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு அவர் பொறுப்பில்தான் நடந்தது. சென்னை அருங்காட்சியகக் கண்காணிப்பாளர் எட்கர் தர்ஸ்டன் கருவியைத் தூக்கிக்கொண்டு போய் மண்டையையும் மூக்கையும் அளந்தார். தென்னிந்தியச் சாதிகளைப் பற்றி ரங்காச்சாரியோடு சேர்ந்து 1909இல் ஏழு தொகுதி போட்டார். ஆதிச்சநல்லூர் மண்டையோடுகளுக்கும் அதே கதிதான். 1930இல் அவற்றைப் பற்றி சக்கர்மேன் எழுதியதைச் சென்னை அருங்காட்சியகம் வெளியிட்டது. ஆதி ஆஸ்திரலாய்டா, மத்தியதரைக்கடல் இனமா என்பதே பல காலம் பேச்சாக இருந்தது. அந்த மனுசன் என்ன தின்றான், எதைச் சுமந்தான், எத்தனை பிள்ளையைப் பறிகொடுத்தான் என்பது யாருக்கும் கேள்வியாகப் படவில்லை.

அந்த அளவுகோலை அவர்கள் கையிலிருந்தே பிடுங்கித் திருப்பி அடித்தவர் அம்பேத்கர். தீண்டப்படாதவர்கள் யார் என்று ஆராயும் 1948ஆம் ஆண்டு நூலில், குர்யே தொகுத்த மூக்கு அளவுகளையே எடுத்து வாதாடுகிறார். இந்த அளவைகள் அறிவியல் என்று ஒப்புக்கொண்டால், பார்ப்பனரும் தீண்டப்படாதவரும் ஒரே இனம் என்றுதான் முடிவு வருகிறது. பார்ப்பனருக்கு எந்த இனப்பெயரை வைக்கிறீர்களோ அதையே தீண்டப்படாதவருக்கும் வைத்தாக வேண்டும். எனவே தீண்டாமைக்கு வேர் இரத்தத்தில் இல்லை, வேறு இடத்தில் தேடுங்கள் என்கிறார்.

அப்ப எலும்பு என்னதான் சொல்லும்னு கேக்கிறீங்களா? வேலையைச் சொல்லும். பட்டினியைச் சொல்லும். பல் உருவாகிற வயதில் பிள்ளை பட்டினி கிடந்தாலோ கடும் நோயில் விழுந்தாலோ எனாமல் வளர்வது தடைப்பட்டுக் குறுக்கே வரி விழும். பிறகு எத்தனை நல்ல சோறு தின்றாலும் அந்த வரி அழியாது. ஓயாமல் பாரம் சுமந்தால் முதுகு முள்ளெலும்பு நசுங்கித் தேயும். தசை பிடித்திருந்த இடத்தில் எலும்பு முரடாகும். வடக்கு சிரியாவில் அபு ஹுரேரா என்ற பழைய ஊரின் எலும்புகளைத் தேயா மோலெசன் ஆராய்ந்தார். பெண்களின் கால் பெருவிரலிலும் முழங்காலிலும் முதுகிலும் சிதைவு தெரிந்தது. நாள் முழுக்க மண்டியிட்டுத் தானியம் அரைத்ததன் தழும்பு அது என்று காட்டினார்.

ஒரே எலும்பை வைத்துக் கதை கட்டக் கூடாது. மூட்டுத் தேய்மானம் வயசானாலும் வரும். பலரை ஆண், பெண், வயது பிரித்து ஒப்பிட்டால்தான் உழைப்பின் சுவடு பிடிபடும்.

கேள்வியை மாற்றியது நியூயார்க்கின் கறுப்பு மக்கள். 1991இல் மன்ஹாட்டனில் மத்திய அரசு கட்டடத்துக்காகத் தோண்டியபோது, 1794 வரை கறுப்பர்களைப் புதைத்த இடுகாடு வெளிப்பட்டது. 419 பேரின் எலும்புகளை எடுத்தார்கள். எங்கள் முன்னோரை மண்வெட்டியால் அள்ளாதே என்று மக்கள் போராடி 1992இல் தோண்டலை நிறுத்தினார்கள். எலும்புகள் கறுப்பர்களின் ஹோவர்டு பல்கலைக்கழகத்துக்குப் போயின. மைக்கேல் பிளேக்கி தலைமையில் ஆய்வு நடந்தது. என்ன கேட்பது என்பதில் மக்களுக்கும் பங்கு இருந்தது. இது எந்த இனத்து மண்டை என்று கேட்கவில்லை. எங்கிருந்து பிடித்து வந்தார்கள், எப்படி வாழ்ந்தார்கள், எப்படி எதிர்த்து நின்றார்கள் என்று கேட்டார்கள். ஏறக்குறையப் பாதிப்பேர் குழந்தைகள். பெரியவர்களின் கழுத்திலும் முதுகிலும் பாரச்சுமையின் அடையாளம். அடிமைமுறை தெற்கு மாநிலங்களின் விவகாரம் என்று சொல்லிக்கொண்டிருந்தவர்களுக்கு நியூயார்க் மண்ணே பதில் சொன்னது. 2003இல் எல்லோரையும் மரியாதையோடு மறுபடி அடக்கம் செய்தார்கள். 2006இல் அந்த இடம் தேசிய நினைவுச்சின்னமானது.

இங்கே 2025இல் கீழடிக்குப் பக்கத்துக் கொந்தகையில் கிடைத்த இரண்டு மண்டையோடுகளை வைத்து லிவர்பூலில் முகம் வரைந்து கொடுத்தார்கள். உடனே யார் சாயல் என்ற பேச்சு கிளம்பிவிட்டது. கீழடியை எங்கள் சாதிப் பாட்டன் சொத்து என்று உரிமை கொண்டாடுபவர்களும் இருக்கிறார்கள். அந்த வரிசையில் நாமும் போய் நிற்க வேண்டாம்.

எங்கள் ஊரில் சேரிப் பிணத்துக்கு ஓடைக்கு அந்தப்பக்கம் இடம். மழைக்காலத்தில் இடுப்பளவு தண்ணியில பாடையைத் தூக்கிக்கிட்டுப் போவோம். ஊர்க்காரங்க இடுகாட்டுக்குத் தார் ரோடு. குழி வெட்டுறது மட்டும் ரெண்டு பக்கமும் நம்மாளுங்கதான். ஆயிரம் வருஷம் கழித்து யாராவது இரண்டையும் தோண்டினால், மூக்கை அளந்து சேரி எது, ஊர் எது என்று சொல்ல முடியாது. பல்லில் விழுந்த வரியும் முதுகெலும்பின் தேய்மானமும் காட்டிக்கொடுக்கலாம். புதைத்த இடம் நிச்சயம் காட்டிக்கொடுக்கும். சாதியை உடம்பு உண்டாக்கவில்லை. சாதிதான் உடம்பின் மேல் எழுதுகிறது.

அதனால்தான் நம் பிள்ளைகள் தொல்லியலும் மானிடவியலும் படிக்க வேண்டும் என்கிறேன். தாழி திறக்கும் இடத்தில் குழி வெட்டும் கூலிகளாக மட்டும் நாம் நின்றால் போதாது. கேள்வி கேட்கும் இடத்திலும் நாம் இருக்க வேண்டும்.