பர்னல் பட்டியல்

தஞ்சாவூர் அரண்மனையின் சமஸ்கிருதச் சுவடிகளுக்கு ஆர்தர் கோக் பர்னல் (1840–1882) தயாரித்த வகைப்படுத்திய பட்டியல். 1880-இல் லண்டனில் வெளிவந்தது. அந்தச் சுவடிகள் உள்ள சரசுவதி மகால் நூலகத்தை உலக அறிஞர்களுக்கு அறிமுகப்படுத்திய நூல் இதுவே.

சுவடித் திரட்டு நாயக்கர் காலத்தில் தொடங்கி மராட்டியர் ஆட்சியில் வளர்ந்தது. இரண்டாம் சரபோஜி (ஆட்சி 1798–1832) காசி யாத்திரையின்போதுகூடச் சுவடிகளைச் சேகரித்தார். 1855-இல் அரச வாரிசுரிமை முடிவுக்கு வந்தபின், இந்தச் செல்வத்தில் என்னென்ன இருக்கிறது என்று அறியும் தேவை எழுந்தது. 1871-இல் சென்னை அரசு அப்பணியைப் பர்னலிடம் ஒப்படைத்தது.

அவர் தஞ்சையில் நீதிபதி. தென்னிந்தியத் தொல்லெழுத்தியல் பற்றி 1874-இல் நூல் எழுதியவர். அந்தப் பயிற்சி இல்லாமல் இந்த வேலை நடந்திருக்காது. ஓலையிலும் தாளிலும் கிரந்தம், தேவநாகரி, நந்திநாகரி, தெலுங்கு எனப் பல எழுத்துகளில் இருந்த சுவடிகளை வாசித்து, வேதமும் சாத்திரங்களும், தத்துவமும் தர்ம நூல்களும், நாடகம் இதிகாசம் புராணம் தந்திரம் என மூன்று பகுதிகளாக வகுத்தார்.

தமிழ், மராத்தி, தெலுங்குச் சுவடிகள் இதில் சேரவில்லை. இது பெரிய குறை. அதே கூரையின் கீழிருந்த தமிழ் ஏடுகளுக்கு விளக்கப் பட்டியல் இருபதாம் நூற்றாண்டில்தான் கிடைத்தது.

நூலகம் 1918-இல் பொதுமக்களுக்கு உரியதாயிற்று. பி. பி. எஸ். சாஸ்திரியின் 19 தொகுதி விளக்கப் பட்டியல் 1928 முதல் 1934 வரை வெளிவந்து, பர்னலின் பணியை விரிவாக்கியது.