இயக்கத்தின் கோடும் கடற்கரை மக்களும்

நேர்கோட்டு இயக்கம் என்றதும் நம் மாணவர் நினைவுக்கு வருவன சதுரக் கோட்டுத் தாளும், மனனஞ் செய்த சில சமன்பாடுகளும், பரீட்சைப் புள்ளிகளுமே. அவ்வரைபும் சமன்பாடும் எவ்வாறு பிறந்தன, எவருக்குப் பயன்பட வேண்டுவன என்னும் வினாக்கள் வகுப்பறையுள் எழுவதில்லை. எழுப்ப வேண்டியது நம் கடமை.

14ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் ஒக்ஸ்போர்ட் மேர்ட்டன் கல்லூரி அறிஞர் வேகத்தை அளவுக்குரிய பொருளாகக் கருதத் தலைப்பட்டனர். சீராக வேகம் பெருகும் பொருள் செல்லும் தூரமும், அதன் நடு வேகத்தில் அதே நேரம் மாறாது செல்லும் பொருளின் தூரமும் சமம் என்றனர். பிரான்சின் நிக்கோல் ஒரேம் இதனைக் கண்ணாற் காணச் செய்தார். நேரத்தைக் கிடைக்கோடாகவும், வேகத்தை அதன்மேல் எழும் நிலைக்கோடுகளாகவும் அமைத்தார். ஒரு முக்கோணம் உருவாயிற்று. அதன் பரப்பு, பாதி உயரமுடைய செவ்வகத்தின் பரப்புக்குச் சமம். தொடக்க வேகத்தையும் இறுதி வேகத்தையும் கூட்டி, இரண்டால் வகுத்து, நேரத்தாற் பெருக்கினால் தூரம் வரும் என்று நாம் கற்பிக்கும் சமன்பாடு இம்முக்கோணத்துள் அடங்கியிருக்கிறது.

எனினும் அஃது ஏட்டளவில் நின்ற அறிவு. அதனை மண்ணுக்குக் கொணர்ந்தவர் கலிலியோ. சாய்ந்த பலகையின் தவாளிப்பில் வெண்கலக் குண்டை உருட்டி, பாத்திரத்திலிருந்து ஒழுகிய நீரை நிறுத்து அவர் நேரத்தை அளந்தார். சமமான நேரக் கூறுகளில் குண்டு கடந்த தூரங்கள் 1, 3, 5, 7 என வளர்ந்தன. 1638இல் லைடன் நகரில் அச்சேறிய அவருடைய நூல், வெனிஸ் நகரின் கப்பல் கட்டுந் தளத்தைப் புகழ்ந்தே தொடங்குகிறது. அங்குள்ள கைவினைஞரின் பட்டறிவு அறிஞருக்குச் சிந்தனைக் களம் என்கிறது அது. தேற்றங்களை இலத்தீனில் வைத்தபோதும், உரையாடலை அவர் தம் மக்களின் இத்தாலிய மொழியிலேயே நடத்தினார். உழைப்போரின் தொழிற்களத்தையும் தாய்மொழியையும் ஒதுக்கிவிட்டு இவ்விஞ்ஞானத்தின் வரலாற்றை எழுத இயலாது.

புல்மோட்டையில் மீன்பிடித்தும், இல்மனைற் மணல் அகழ்ந்தும் வாழும் மக்களுக்கு இவ்வரலாற்றால் ஆவதென்ன? 2004 டிசம்பர் 26 இதற்கு விடை தந்தது. அன்று காலை 7 மணியளவில் சுமாத்திராவின் அருகே கடலடி நிலம் அதிர்ந்தது. சுனாமி நம் கீழ்க்கரையை அடைய ஏறத்தாழ ஒன்றரை முதல் இரண்டு மணி நேரம் ஆயிற்று. 4 கிலோமீற்றர் ஆழக் கடலில் அத்தகைய அலை மணிக்கு ஏறத்தாழ 700 கிலோமீற்றர் வேகத்தில் விரையும், 10 மீற்றர் ஆழத்துக்கு வரும்போது 36 கிலோமீற்றராகத் தளரும், தளருந்தோறும் உயரும். அதன் தூர-நேர வரைபை வரைந்தால், செங்குத்தாக ஏறிய கோடு கரையை நெருங்கியதும் சாய்ந்து படுக்கும். படித்திறன் குறையும் அந்த இடத்திற்றான் ஆபத்து ஓங்கி நிற்கிறது. அமர்முடுகல் என்று நாம் கரும்பலகையில் எழுதும் சொல்லின் பொருள் இதுவே.

நில அதிர்வின் பின் கால் மணி நேரத்துள் ஹவாயிலுள்ள பசிபிக் எச்சரிக்கை நிலையம் அறிக்கை விடுத்தது. ஆனால் அது பசிபிக் நாடுகளை நோக்கியது. இந்து சமுத்திரத்துக்கு அத்தகைய அமைப்பு அன்று இல்லை. கணிப்பதற்கு வேண்டிய சமன்பாடு மனித குலத்திடம் இருந்தது. கிடைத்த நேரமும் போதியதாயிருந்தது. செய்தி மட்டும் கரைக்கு வரவில்லை. இலங்கையில் 30,000க்கு மேற்பட்டோர் மாண்டனர். இதனை இயற்கையின் சீற்றம் என்று மட்டும் சொல்லி அமைதி காண்பது நேர்மையாகுமா?

2005இல் இலங்கையில் அனர்த்த முகாமைத்துவச் சட்டம் நிறைவேறியது. இந்து சமுத்திர எச்சரிக்கை அமைப்பும் பின்னர் உருவாயிற்று. இவை வேண்டியனவே. எனினும் கருவி தரும் எண்ணுக்குப் பொருள் காணும் மனிதரும் கரையில் வேண்டும். கதி, வேகம், ஆர்முடுகல் என்னும் சொற்கள் நம் தமிழில் உள்ளன. அவற்றை மனனத்துக்குரிய ஒலிகளாக விட்டுவிடாது, கடலையும் தோணியையும் கொண்டு விளக்குவோமாயின், ஒரேமின் முக்கோணம் மீனவர் பிள்ளைக்கும் உரிய உடைமையாகும். ஆசிரியராகிய நாம் செய்யத்தக்க பணி இது. மாணவர் நம்மிடம் கேட்டுப் பெறத்தக்க உரிமையும் இதுவே.