இரவல் வாங்காத குரல்

மெய்ப்பாடுகள் எட்டினுள் நகையை முதலில் வைத்தார் தொல்காப்பியர். அந்நகை எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கின் வழிப் பிறக்கும் என்பது அவர் வகுத்த நெறி. எள்ளல் என்பதற்கு உரை கண்ட பேராசிரியரோ, தான் பிறரை எள்ளுதலையும் பிறரால் தான் எள்ளப்படுதலையும் ஒருங்கே அதனுள் அடக்கினார். தமிழ்த் திரையில் பெண்பாலார் ஏற்ற நகைச்சுவை வேடங்களை இவ்வுரையோடு வைத்து எண்ணினால் ஓர் உண்மை புலனாகும். நெடுங்காலம் அவர்களுக்குப் பெரும்பாலும் வாய்த்தவை பேதைமையும் மடனும், பிறரால் எள்ளப்படுதலுமே. பிறரை எள்ளும் உரிமையைத் தம் பேச்சின் வலிமையாலேயே முழுமையாகப் பெற்றுக்கொண்டவர் மனோரமா.

அவருக்கு முன்னர் எவரும் இலர் என்பது நம் கருத்தன்று. 'சபாபதி' (1941) படத்தில் காளி என். ரத்தினத்தோடு நடித்த சி. டி. ராஜகாந்தம், என். எஸ். கிருஷ்ணனின் வாழ்விலும் கலையிலும் துணைவியாய் விளங்கிய டி. ஏ. மதுரம், 'கல்யாணப் பரிசு' (1959) படத்தில் தங்கவேலுவோடு இணைந்த எம். சரோஜா ஆகியோர் ரசிகர்கள் அறிந்தவர்களே. இவர்களுள் மதுரம், கணவரின் வாயை அடைக்கும் அளவுக்குப் பதிலுக்குப் பதில் பேசியவர். எனினும் இவர்கள் அனைவரும் ஓர் ஆண் நகைச்சுவையாளரின் இணையாகவே பெயர் பெற்றனர். இணையாகத் தொடங்கி, இணை எவராயினும் தாம் தாமாகவே நின்றவர் மனோரமா ஒருவரே எனலாம்.

மன்னார்குடியில் 1937-ஆம் ஆண்டு மே 26-ஆம் நாள் பிறந்த அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் கோபிசாந்தா. தந்தையின் ஆதரவு இல்லாது போகவே, தாயார் மகளை அழைத்துக்கொண்டு செட்டிநாட்டுப் பள்ளத்தூருக்கு வந்து வீட்டு வேலை செய்து பிழைத்தார். பெண்ணின் பள்ளிப் படிப்பு சிறுவயதிலேயே நின்றது. பன்னிரண்டு வயதளவில் நாடக மேடை அவரை ஏற்றுக்கொண்டது. மனோரமா என்னும் பெயரும் நாடகக்காரர்கள் வைத்ததே. பின்னர் எஸ். எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றத்தில் சேர்ந்து, கலைஞர் கருணாநிதியின் 'மணிமகுடம்' நாடகத்தில் கதாநாயகியாக நடித்தார். அக்கால மேடையில் ஒலிபெருக்கி ஒன்றோ இரண்டோதான் இருக்கும். கடைசி வரிசையில் பாய் விரித்து அமர்ந்திருப்பவனுக்கும் சொல் தெளிவாய்ச் சென்று சேரவேண்டும். இதுவே அவர் கற்ற உச்சரிப்புப் பயிற்சி. எந்த ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியிலும் அதற்கு நிகரானதை யான் கண்டதில்லை.

'மாலையிட்ட மங்கை' (1958) படத்தில் அவரை நகைச்சுவை வேடத்துக்கு இணங்கச் செய்தவர் கவிஞர் கண்ணதாசன். கதாநாயகி ஆகவே விரும்பிய இளம்பெண்ணுக்கு அது மனக்குறையாகவே இருந்தது. கதாநாயகியின் காலம் சில ஆண்டுகளே, நகைச்சுவை நடிகைக்கோ காலவரையறை இல்லை என்று கவிஞர் தேற்றியதை மனோரமா பிற்காலத்தில் பலமுறை நன்றியோடு நினைவு கூர்ந்தார். இடையில் சேலம் மாடர்ன் தியேட்டர்சாரின் 'கொஞ்சும் குமரி' (1963) படத்தில் கதாநாயகி வேடமும் கிட்டியது. ஆயினும் கவிஞர் சொன்ன வழியே அவருக்கு வழியாயிற்று.

இனி, இக்கட்டுரையின் கருத்துக்கு வருவோம். 1930-களின் படங்களில் நடிப்பவரே பாடவும் வேண்டும். பின்னணிப் பாட்டு நிலைபெற்ற பின் நாயகியின் பாட்டுக்குரல் இரவலாயிற்று. தமிழறியாத நடிகையர் நாயகியராய் வரத் தொடங்கியபோது பேச்சுக்குரலும் இரவலாயிற்று. உதடு ஒருவருடையது, ஒலி மற்றொருவருடையது. நகைச்சுவைக்கு இந்த இரவல் முறை ஒத்துவராது. சொல்லை எந்த இடத்தில் நீட்டுவது, எந்த இடத்தில் விழுங்குவது, எத்துணை நேரம் வாளாவிருந்து பின் அடிப்பது என்பன முகத்தோடும் மூச்சோடும் பிணைந்தவை. எனவே நாயகியர் குரலிழந்த காலத்தில் தமிழ்ப் பெண்ணின் சொந்தப் பேச்சு திரையில் நகைச்சுவை நடிகையின் வாயிலேதான் தங்கிற்று. ஒருவர் பேச்சாக மட்டும் அன்று, ஊர் ஊராகத் தங்கிற்று என்பதே மனோரமாவின் தனிச்சிறப்பு.

கே. பாலசந்தரின் 'அனுபவி ராஜா அனுபவி' (1967) படத்தில் நாகேஷுடன் தூத்துக்குடிப் பேச்சு. மறு ஆண்டில் 'பொம்மலாட்டம்' படத்தில் சென்னைக் குப்பத்துப் பேச்சு. பின்னதில் அப்பேச்சிலேயே அமைந்த பாட்டையும் தாமே பாடினார். அதை வேறு எந்தப் பாடகியும் பாடியிருந்தால் சுருதி சேர்ந்திருக்கும், சென்னை சேர்ந்திராது. 'சின்ன கவுண்டர்' (1992) படத்திலோ கொங்கு நாட்டுத் தாய். வானொலியில் ஒலிபரப்பான 'காப்புக் கட்டிச் சத்திரம்' என்னும் தொடர் நாடகத்தில் செட்டிநாட்டு ஆச்சியின் பேச்சை அவர் பேசினார். 'ஆச்சி' என்னும் பெயர் அவருக்கு ஒட்டிக்கொண்டது அதனால்தான் என்பர். முகமே தெரியாத வானொலியில் பெற்ற பெயர் முகத்துக்கும் பெயராய் நிலைத்தது. அவர் வளர்ந்த பள்ளத்தூரில் எந்த ஆச்சிமார் வீடுகளில் தாயும் மகளும் ஏவல் கேட்டு நின்றனரோ, அவ்வீட்டுத் தலைவியரின் பேச்சு அது. அதைப் பேசித் தாமே ஆச்சி ஆனார். ஈண்டுச் சற்று நின்று எண்ணுதல் தகும்.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) பற்றிக் கூறாது போதல் இயலாது. நாட்டியத்துக்குப் பத்மினி, நாகசுரத்துக்குச் சிவாஜி கணேசன், வக்கணைக்கு நாகேஷ் என எல்லாம் நிறைந்த அப்படத்தில், ஜில் ஜில் ரமாமணி என்னும் நாடகக்காரியாகச் சில காட்சிகளே வருகிறார். அவள் பேச்சு நம்மைச் சிரிக்க வைக்கிறது. ஆயினும் பெரிய வித்துவானின் கலைமுன் அவள் காட்டும் பணிவைக் கண்டபின் சிரித்தது குறித்து நமக்கே சிறிது கூச்சம் உண்டாகிறது. நாடகக் கொட்டகையிலேயே வளர்ந்த ஒருவர், நாடகக்காரியை எள்ளவிடாமல் காத்துக்கொண்டே நம்மைச் சிரிக்க வைக்கும் அருமை இது.

தமிழாசிரியர் சிலர் இவ்விடத்தில் மறுப்பர் என்பதை அறிவேன். கொச்சைத் தமிழைப் பரப்பியது திரைப்படமே அன்றோ, அதைப் பாராட்டுவது முறையோ என்பது அவர்தம் வினா. மற்றொரு வினாவும் உண்டு. அது இன்னும் கூர்மையானது. ஏழையின் பேச்சை நகைப்புக்கே உரியதாக ஆக்கியதும் திரைப்படமே அன்றோ?

பின்னதில் உண்மை உண்டு. வேலைக்காரி வேடம் என்றால் சென்னைப் பேச்சு என்பது ஒரு வாய்பாடாகவே ஆகிவிட்டது. மனோரமாவின் படங்களிலும் அவ்வாய்பாட்டில் அடங்கிப்போனவை பல. ஆனால் விசுவின் 'சம்சாரம் அது மின்சாரம்' (1986) படத்தைப் பாருங்கள். அவ்வீட்டில் படித்தவர்கள் தீர்க்கமாட்டாது நிற்கும் வழக்கை, வேலைக்காரி கண்ணம்மா தன் பேச்சாலேயே புகுந்து கலக்குகிறாள். அவள் பேச்சு திருந்தவில்லை, திருந்தாமலே வெல்கிறது. எள்ளப்பட்டவள் எள்ளுகின்றவள் ஆகிறாள். பேராசிரியர் உரையின் இரு பகுதியும் ஒரே காட்சியில் நிகழ்கின்றன.

முன்னதற்கு விடை சொல்ல என் தொழிலிலிருந்தே ஒன்று கூறவேண்டும். பேராக் மாநிலத் தோட்டங்களுக்குத் தென்னார்க்காடு, வடார்க்காடு, சேலம், திருச்சி, தஞ்சை எனப் பல மாவட்டங்களிலிருந்து மக்கள் வந்தனர். ஒரே லயத்தில் அடுத்தடுத்த வீடுகளில் வெவ்வேறு தமிழ் ஒலித்தது. 1970-களின் பிற்பகுதியில், யான் சிறுவனாயிருந்தபோது, தோட்டத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டுவார்கள். மனோரமா பேசத் தொடங்கியதும், "இது எங்க ஊர்ப் பேச்சு" என்று ஒரு பக்கத்திலிருந்து ஒரு கிழவி கூவுவாள். அடுத்த மாதம் வேறொரு படத்துக்கு வேறொரு பக்கத்திலிருந்து அதே கூவல் எழும். கப்பலேறி வந்தபின் ஊர் திரும்பாதவர்கள் அவர்கள். ஊர், பேச்சாக வந்து திடலில் நின்றது.

பின்னாளில் பயிற்சி ஆசிரியனாக யான் நடத்திய ஒரு பாடத்தில், மூன்றாம் ஆண்டு மாணவி ஒருத்தியைத் தன் பாட்டி பேசும் முறையிலேயே ஒரு கதையைச் சொல்ல விட்டேன். வகுப்பு மகிழ்ந்தது. மேற்பார்க்க வந்தவர் மதிப்பெண்ணைக் குறைத்து, கொச்சைக்கு இடம் தரலாகாது என்று எழுதிச் சென்றார். அன்று எனக்கு மறுமொழி தோன்றவில்லை. செந்தமிழ் நிலத்தைச் சேர்ந்த பன்னிரு நிலத்துச் சொற்களையும் திசைச்சொல் என்று பெயரிட்டுச் செய்யுளுக்கே உரியனவாக ஏற்றுக்கொண்டது தொல்காப்பியம் என்பதைச் சொல்லியிருக்கலாம். எழுத்துத் தமிழைக் கற்பிப்பதே நம் கடமை, அதில் ஐயமில்லை. பாட்டியின் பேச்சு வெட்கத்துக்குரியது என்று கற்பிப்பதும் அக்கடமையுள் சேருமோ என்பதே கேள்வி.

'புதிய பாதை' (1989) படத்துக்காகத் துணை நடிகைக்குரிய தேசிய விருது, 2002-இல் பத்மஸ்ரீ, ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்தமைக்காகக் கின்னஸ் நூலில் இடம் ஆகியன அவரைத் தேடி வந்தன. அண்ணா, கருணாநிதி, எம்.ஜி.ஆர்., ஜெயலலிதா, என். டி. ராமராவ் என முதலமைச்சர்களாய் விளங்கிய ஐவரோடு மேடையிலோ திரையிலோ நடித்தவர் என்ற செய்தியை எல்லாரும் எழுதிவிட்டனர். 2015-ஆம் ஆண்டு அக்டோபர் 10-ஆம் நாள் சென்னையில் காலமானார்.

பேராக்கின் ரப்பர்த் தோட்டங்கள் பலவும் இன்று செம்பனையாகவும் வீட்டுமனைகளாகவும் மாறிவிட்டன. லயத்து மக்கள் ஈப்போவின் புறநகர்களில் குடியேறிவிட்டனர். பிள்ளைகளிடம் பேச்சு வேற்றுமை ஏறத்தாழ மறைந்தே போயிற்று. அண்மையில் ஐந்தாம் ஆண்டு வகுப்பில், படத்தைக் காட்டாமல், 'சின்ன கவுண்டர்' தாயின் பேச்சை மட்டும் ஒலிக்கச் செய்து, கேட்டதை எழுத்துத் தமிழில் எழுதச் சொன்னேன். பெரும்பாலோர் நன்றாகவே எழுதினர். ஒரு மாணவன் மட்டும் தாளை வெறிதே வைத்துக்கொண்டு, "சார், இத எங்க பாட்டிக்கிட்ட கேட்டுட்டு நாளைக்கு எழுதலாமா?" என்றான். எழுதலாம் என்றேன்.