மெமெக்ஸ்: கற்பித யந்திரமும் அறிவின் கையளிப்பும்

எவராலும் நிர்மாணிக்கப்படாமல் காகிதத்தில் மட்டுமே வாழ்ந்த ஒரு யந்திரம், தொழிற்சாலைகளில் உருவாகி ஓடித் தேய்ந்த பல யந்திரங்களைக் காட்டிலும் அதிகமான அறிஞர்களின் சிந்தையைக் கிளர்த்தியதென்றால், அதன் சக்தி அதன் பொறியமைப்பில் அன்றி அதன் பின்னிருந்த கருத்திலேதான் இருந்திருத்தல் வேண்டும். 1945 ஜூலையில் 'அட்லாண்டிக் மன்த்லி' இதழில் வனீவர் புஷ் விவரித்த 'மெமெக்ஸ்' அத்தகையதொரு கற்பித சாதனம். யுத்த காலத்தில் ஏறக்குறைய 6,000 அமெரிக்க விஞ்ஞானிகளின் முயற்சிகளை ஒருங்கிணைத்து நடத்திய இந்தப் பொறியியல் அறிஞர், ஐரோப்பாவில் பீரங்கிகள் ஓய்ந்து, ஹிரோஷிமாவின் மீது அணுகுண்டு இன்னும் விழாதிருந்த இடைக்காலத்தில், சமாதானம் திரும்பிய பின் விஞ்ஞானிகள் எதில் தம் புத்தியைச் செலுத்தலாம் என்ற வினாவுக்கு விடையாக இதனை முன்வைத்தார். இன்றைய கணினி சரித்திரக்காரர்கள் மெமெக்ஸை, பக்கங்களை ஒன்றோடொன்று இணைப்புகளால் கோக்கும் மீயுரையின் பாட்டனாராகக் கொண்டாடுவது வழக்கமாகிவிட்டது. அந்த வம்சாவளி பொய்யன்று. ஆயினும் அதனை மட்டுமே சொல்லி நிறுத்துவது, புஷ் உண்மையில் எதற்காகக் கவலைப்பட்டார் என்பதை மறைத்துவிடுகிறது என்பதே என் வாதம்.

அவருடைய கவலை இதுதான்: ஆராய்ச்சிப் பிரசுரங்கள் மலைபோல் குவிகின்றன, அவற்றைத் தேடி எடுக்கும் உபாயங்களோ பாய்மரக் கப்பல் காலத்தவை. கிரிகோர் மெண்டல் 1866இல் பிரசுரித்த மரபியல் விதிகள், அவற்றை உணர்ந்து வளர்க்கத்தக்க சிலரின் கைக்கு எட்டாமற்போய், 1900ஆம் ஆண்டுவரை உறங்கிக் கிடந்ததை அவர் திருஷ்டாந்தமாகக் காட்டுகிறார். அறிவு அழிந்துவிடவில்லை, ஏட்டில் இருந்தது, ஆனால் இருந்தும் இல்லாததாயிற்று. ஆகவே பதிவு செய்தல் பாதிக் காரியமே. காலங்கடந்து அதனை உரியவன் உரிய வேளையில் மீட்டெடுப்பதே மற்றப் பாதி.

மெமெக்ஸ் ஒரு மேஜை. அதன் மேற்புறத்தில் சாய்வாகப் பொருத்திய, ஒளி ஊடுருவும் திரைகள், விசைப்பலகை ஒன்று, பொத்தான்களும் நெம்புகோல்களும். மேஜையின் ஒரு பக்கத்தினுள் நுண்படச் சுருள்களாக நூல்கள், பத்திரிகைகள், கடிதங்கள் அனைத்தும் அடங்கியிருக்கும். நாளொன்றுக்கு 5,000 பக்கங்கள் வீதம் சேர்த்தாலும் நிரம்ப நூற்றுக்கணக்கான ஆண்டுகள் ஆகும் என்பது அவர் கணக்கு. இதில் அபூர்வமானது ஏதுமில்லை. நுண்படத்தில் உள்ள ஆவணங்களை ஒளிமின்கலத்தால் தேர்ந்தெடுக்கும் கருவிக்கு டிரெஸ்டனில் பணிபுரிந்த இமானுவேல் கோல்ட்பர்க் 1931லேயே அமெரிக்கக் காப்புரிமை பெற்றிருந்தார். புஷ்ஷும் 1930களின் இறுதியில் அத்தகையதொரு கருவியைச் செய்து பார்த்தவரே. புதுமை வேறிடத்தில் இருந்தது. இரு திரைகளிலும் இரண்டு பக்கங்களை அருகருகே தோன்றச் செய்து, வாசகன் ஒரேயொரு விசையை அழுத்துவானாயின், ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் உள்ள வெற்றிடத்தில் மற்றதன் எண்ணைக் குறிக்கும் புள்ளிகள் பதிந்து, அவ்விரண்டும் நிரந்தரமாகப் பிணைக்கப்பட்டுவிடும். இவ்வாறு பிணைத்துக்கொண்டே போனால் ஒரு தடம் உருவாகும். பல்வேறு நூல்களிலிருந்து பக்கங்களைத் திரட்டிப் புதிய நூலொன்று கட்டியதற்கு அது சமம்.

அகரவரிசையாலும் எண்வரிசையாலும் பொருள்களை வகுத்து, வகுப்புக்குள் உட்பிரிவாக இறங்கித் தேடும் முறையைப் புஷ் செயற்கையென்று கண்டிக்கிறார். மனித மனம் ஒன்றைப் பற்றியதும் தொடர்புடைய மற்றொன்றிற்குத் தாவுவது, யந்திரமும் அவ்வண்ணமே இயங்க வேண்டுமென்பது அவர் கோட்பாடு. இது கவர்ச்சியுள்ள வாதமே. ஆனால் அவர் தந்த வருணனையையே நுணுகிப் பார்த்தால் முழுமையாக நிலைக்கவில்லை. மெமெக்ஸில் ஒரு நூலை வரவழைக்க அதன் குறியீட்டை விசைப்பலகையில் தட்ட வேண்டும். குறியீடு நினைவில் இல்லையேல் குறியீட்டுப் புத்தகத்தைப் பார்க்க வேண்டும். தடம் ஒன்றை அமைக்கும்போதும் முதற்கண் அதற்கொரு பெயர் சூட்டி அந்தப் பெயரை அதே புத்தகத்தில் ஏற்ற வேண்டும். முன்வாசலில் துரத்திய அட்டவணை கொல்லைப்புறமாக வந்து திண்ணையில் அமர்ந்துகொண்டது. அன்றியும், மனத்தின் தாவல் நம் முயற்சியின்றி நிகழ்வது, நாளடைவில் மங்குவது. மெமெக்ஸின் பிணைப்போ வாசகன் வேண்டுமென்றே செய்வது, மங்காதது. மனத்தைப் பின்பற்றிய யந்திரம் என்பதைவிட, மனத்தின் குறையை ஈடுசெய்ய வந்த யந்திரம் என்பதே பொருந்தும். புஷ்ஷும் இதனை உணராமலில்லை. உடனடியாக வேண்டாதவற்றை மறந்திருக்கும் சலுகையை மனிதன் மீண்டும் பெறுவான் என்று கட்டுரையின் இறுதியில் அவர் சொல்வது, ஞாபகசக்தியைப் பெருக்குவதாகச் சொல்லப்படும் கருவியொன்றைப் பற்றி எதிர்பாராத வாக்கியம். கட்டுரையின் மிக ஆழமான இடம் இதுவென்றே கருதுகிறேன்.

அவர் தரும் உதாரணம் விஸ்தாரமான ஆராய்ச்சிக்குரியது. சிலுவைப் போர்களின் சிறு மோதல்களில் துருக்கியரின் குறுவில் ஆங்கிலேயரின் நெடுவில்லைக் காட்டிலும் மேம்பட்டதாகத் தோன்றியது ஏன் என்று ஒருவன் ஆராய்கிறான். கலைக்களஞ்சியத்தில் ஒரு சுருக்கக் கட்டுரை, சரித்திர நூலில் ஒரு பகுதி என்று பிணைத்துக்கொண்டே வந்து, வில்லுக்கு உபயோகிக்கும் பொருள்களின் மீள்தன்மையே காரணத்தில் பெரும்பங்கு என்று தெரிந்தவுடன், பக்கவழியாகப் பௌதிகப் பாடநூல்களுக்குள் புகுந்து, தன் சொந்த ஆய்வைக் கையெழுத்தில் ஒரு பக்கம் எழுதி அதனையும் தடத்தில் சேர்த்துவிடுகிறான். சில ஆண்டுகள் கழித்து, நண்பனொருவனோடு பேசுகையில், தமக்கு உயிர்நிலையான புதுமையைக்கூட மக்கள் ஏற்க மறுக்கும் விசித்திரம் பற்றிப் பேச்சு திரும்ப, வில்லின் கதையே அதற்கு உதாரணமென, பழைய தடம் சில விசைகளில் மீண்டு வருகிறது. அதனை அப்படியே படமெடுத்து நண்பனிடம் தர, அவன் தன் மெமெக்ஸில் இட்டு வேறொரு பெருந்தடத்தோடு இணைத்துக்கொள்கிறான்.

வில்லின் பௌதிகத்துக்காகச் சேர்த்தது மனித சுபாவத்தின் சாட்சியமாக உருமாறுவதை இங்கே காண்கிறோம். பதிந்தவன் கருதாத பிரயோஜனத்துக்கு, பதிந்தவனல்லாத ஒருவன், பின்னொரு காலத்தில் அதனைப் பயன்படுத்துகிறான். ஆசானின் முடிவுகளை மட்டுமன்றி, அவற்றை எழுப்ப அவன் கட்டிய சாரத்தையும் மாணாக்கர் சுதந்தரித்துக்கொள்வர் என்று புஷ் எதிர்பார்த்ததும் இதுவே. விளங்காத நோய்க்குறியைக் கண்ட வைத்தியர், முன்னம் ஒத்த நோயாளி ஒருவரை ஆராய்ந்தபோது வகுத்த தடத்தைப் பற்றிச் செல்வார் என்பதும் அவர் தந்த சித்திரங்களில் ஒன்று.

இங்கேதான் என் முதன்மையான ஆட்சேபம் எழுகிறது. பிணைப்பின் புள்ளிகள், இவ்விரு பக்கங்களும் சேர்க்கப்பட்டன என்று மட்டுமே சொல்லும். ஏன் சேர்க்கப்பட்டன என்பதைச் சொல்லா. பதித்தவனே வாசிக்கும்வரை இக்குறை தெரியாது, காரணம் அவன் நினைவில் இருப்பதால். தடம் கைமாறியதும், அல்லது பதித்தவனே முதுமையெய்தியதும், பிணைப்பு ஊமையாகிவிடுகிறது. அப்பொழுது நண்பனுக்கு வழிகாட்டுவது, இடையில் செருகிய அந்தக் கையெழுத்துப் பக்கம் ஒன்றுதான். புஷ் அதனை ஒரு வாக்கியத்தில் கடந்துபோகிறார்; என் பார்வையில் யந்திரம் முழுவதும் அதற்காகவே இருக்கிறது.

பின்வந்தோர் எடுத்துக்கொண்டது பிணைப்பை, விட்டுவிட்டது அப்பக்கத்தை. பிலிப்பைன்ஸில் கடற்படைப் பணியிலிருந்தபோது இக்கட்டுரையைப் படித்த டக்ளஸ் எங்கல்பார்ட்டும், 1965இல் மீயுரை என்னும் கருத்தை முன்வைத்த டெட் நெல்சனும் தத்தம் வழியில் இப்பிணைப்புக்கு உருக்கொடுத்தனர். ஆயினும் இன்று நமக்குக் கிட்டியுள்ள இணைப்புகள் பெரும்பாலும் எழுதினவன் இட்டவை. படிப்பவன் எவ்வழியே சென்றான், எங்கே திரும்பினான், எதற்காக நின்றான் என்பதைப் பிறனொருவனுக்கு ஒப்படைக்கும் ஏற்பாடு அவற்றில் இல்லை. புஷ் 1959இல் எழுதிய 'மெமெக்ஸ் 2', 1991இல்தான் அச்சேறியது. 1967இல் அவர் வெளியிட்ட மறுபார்வையோ நுண்படத்துக்குப் பதிலாகக் காந்த நாடாவையும், உடையவனின் பழக்கத்திலிருந்து தானே கற்கும் யந்திரத்தையும் பேசுகிறது. பொறி வளர்ந்தது, காரணத்தைப் பதிந்துவைக்கும் பொறுப்பு மட்டும் வாசகனிடமிருந்து நழுவத் தொடங்கியது. மெமெக்ஸைக் கணினியின் முன்னோடிகளுள் ஒன்றாக வைத்தெண்ணுவதில் எனக்குத் தடையில்லை. ஆனால் அதற்குரிய முதலிடம், கல்வி ஒரு தலைமுறையிலிருந்து மறு தலைமுறைக்குக் கைமாறும் முறைகளின் சரித்திரத்திலேயே இருக்கிறது.