சுவரும் சரித்திரம் பேசும்

திரைப்படச் சரித்திரம் எழுதுவோர் முதலில் நடிகரையும் பின்னர் நெறியாளரையும் குறிப்பிடுகின்றனர். கதைமாந்தர் வாழும் வீட்டையும் வீதியையும் படைத்தவனின் பெயர் பெரும்பாலும் எழுதப்படுவதேயில்லை. எமது இசை நாடக மரபிலும் இதே நிலைதான். நடிகமணி வைரமுத்துவின் மயானகாண்டத்தை யாழ்ப்பாணம் முழுவதும் அறியும். அத்தகைய நாடகங்களுக்குத் திரைச்சீலை தீட்டிய கைகளை யார் அறிவார்?

அவ்வாறு மறைந்து நின்ற உழைப்பாளிகளுள் ஒருவர் பி. கிருஷ்ணமூர்த்தி. 1943இல் பூம்புகாரில் பிறந்து, சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்றவர். 1975இல் ஜி. வி. ஐயரின் 'ஹம்சகீதே' என்னும் கன்னடப் படத்திற்குக் கலை இயக்கம் செய்தார். அதே நெறியாளரின் 'ஆதி சங்கராசார்யா' (1983), 'மத்வாசார்யா' (1986), மலையாளத்தில் 'ஒரு வடக்கன் வீரகதா' (1989), தமிழில் 'பாரதி' (2000) என அவர் பணி மொழி எல்லைகளைக் கடந்து வளர்ந்தது. கலை இயக்கத்துக்கும் ஆடை அமைப்புக்குமாக ஐந்து தேசிய விருதுகள் பெற்றார். 2020இல் மறைந்தார்.

விருதுகளின் எண்ணிக்கையிலும் பெரியது அவர் பணி எழுப்பும் கேள்வியாகும். 1948இல் 'சந்திரலேகா' முரசு நடனத்தால் மக்களை மலைக்க வைத்தது. அன்றுமுதல் தமிழ்த் திரையில் அரங்க அமைப்பு என்றால் செல்வத்தின் காட்சி என்றே பலர் கருதலாயினர். ஆனால் பாரதியின் வாழ்க்கைக்கு அத்தகைய அரங்கு பொருந்துமா? வறுமையில் வாடிய கவிஞனை விசாலமான மாளிகையில் நிறுத்தினால், வசனம் எவ்வளவு உண்மையாயினும் சுவர் பொய் சொல்லிவிடும். கலை இயக்குநனின் பொறுப்பு இங்கேதான் பிறக்கிறது. அவன் காலத்தை ஆராய்ந்து வரைகிறான்; தச்சரும் சாந்து பூசுவோரும் வர்ணம் தீட்டுவோரும் அதற்கு உருவம் தருகின்றனர். படப்பிடிப்பு முடிந்ததும் அரங்கு பிரிக்கப்படுகிறது. எஞ்சுவது மக்கள் மனத்தில் பதிந்த சரித்திரம் ஒன்றே. அதே கிருஷ்ணமூர்த்தி 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி' (2006) படத்தில் ஆடம்பர அரண்மனையையே அதிகாரத்தின் வெறுமையை நகைக்கும் கருவியாக்கினார். ஆடம்பரம் தன்னளவில் குற்றமன்று. அது யாருக்குத் துணை நிற்கிறது என்பதே கேள்வி.

இது தமிழகத்தின் கதை மட்டுமன்று. 1972இல் கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா தயாரித்த 'குத்துவிளக்கு' யாழ்ப்பாண மண்ணையே தன் அரங்காகக் கொண்டது. அதன்பின் வந்த நீண்ட போர் எத்தனையோ வீடுகளையும் வேலிகளையும் அழித்துவிட்டது. நாளை அந்த வாழ்வைப் படமாக்க முனையும் இளைஞன் சங்கடப்படலையையும் துலாவையும் கிடுகு வேலியையும் மீண்டும் வரைய வேண்டியிருக்கும். அப்போது நாற்சார் வீட்டை மட்டும் காட்டி, அதன் வயலில் உழைத்தவனின் குடிசையை மறைத்துவிட்டால், அதுவும் பொய்ச் சரித்திரமே.

எனவே ஆசிரியர்களே, மாணவர்களே! முதியோர் நினைவில் நிற்கும் வீடுகளை இன்றே கேட்டு வரைந்து வையுங்கள். குடிசைகளிலிருந்து தொடங்குங்கள்; அவைதாம் முதலில் மறக்கப்படுகின்றன.